கல்லாப் பெட்டி யார் கையில்? மேடையேறிய ஒட்டிப் பிறந்த இரட்டையர்கள்

எங்கள் வீட்டில் இரட்டை வாழைப்பழம் வந்தால் அது ஆண்பிள்ளைகளின் பங்கு. ஒரே தோலுக்குள் ஒட்டிக்கிடக்கும் அந்தப் பழத்தைப் பெண்கள் தின்றால் பிள்ளையும் அப்படியே ஒட்டிப் பிறக்கும் என்று பாட்டி தொடவிட மாட்டாள். பாட்டியை மட்டும் கிண்டல் செய்து பயனில்லை. 1831இல் பிரான்ஸ் அரசாங்கமே ஏறக்குறைய இதே பயத்தில் இரண்டு இளைஞர்களை நாட்டுக்குள் விட மறுத்தது. கர்ப்பிணிகள் அவர்களைப் பார்த்துவிட்டால் வயிற்றுப் பிள்ளையும் அந்த உருவத்தை எடுத்துக்கொள்ளும் என்றார்கள்.

அந்த இளைஞர்கள் சாங், எங் என்ற சகோதரர்கள். சயாம் நாட்டில், அதாவது இன்றைய தாய்லாந்தில் பிறந்தவர்கள். ஒட்டிப் பிறந்த இரட்டையர்களை உலகம் நெடுங்காலம் ‘சயாமிய இரட்டையர்’ என்று அழைத்ததற்கு இவர்கள்தான் காரணம். ஒரு நாட்டின் பெயரை உடல்நிலைக்கு வைப்பது சரியில்லை என்று அந்தப் பெயர் இப்போது வழக்கொழிந்து வருகிறது. தமிழில் நமக்கு அந்தச் சிக்கல் இல்லை. ‘ஒட்டிப் பிறந்தவர்கள்’ என்ற நேரான சொல் இருக்கிறது.

இவர்களைப் பற்றிப் பேச்சு வந்தால் எப்படித் தூங்கினார்கள், எப்படிக் கல்யாணம் செய்துகொண்டார்கள் என்றுதான் பேச்சு போகும். எனக்கு ஆர்வம் வேறொன்றில். இவர்களைப் பார்க்க ஜனங்கள் கொடுத்த காசு யார் கல்லாவுக்குப் போனது? காட்சிப்பொருளாக உட்கார்த்தி வைக்கப்பட்ட ஒருவர் எந்தப் புள்ளியில் கலைஞர் ஆகிறார்? கல்லாவின் சாவியைத் தேடிக்கொண்டு போனால் அந்தப் புள்ளி ஓரளவு கண்ணில் படுகிறது.

முதலில் உடல் சமாசாரத்தை முடித்துவிடுவோம்.

கருவுற்ற ஒரே முட்டை முதல் சில நாட்களில் இரண்டாகப் பிரிந்தால் அச்சில் வார்த்ததுபோல் இரட்டையர் பிறப்பார்கள். அந்தப் பிரிவு இரண்டு வாரம்வரை தள்ளிப்போனால் முழுதாக முடியாமல் பாதியில் நின்றுவிடும், அப்படித்தான் உடல் ஒட்டிப்போகிறது என்பது ஒரு விளக்கம். பிரிந்த இரண்டு கருக்கள் வளரும்போது மறுபடி ஒட்டிக்கொள்கின்றன என்பது இன்னொரு விளக்கம். எதுவானாலும் மூலம் ஒரே முட்டை என்பதால் இருவரும் ஆணாகவோ இருவரும் பெண்ணாகவோதான் இருப்பார்கள். ஐம்பதாயிரம் முதல் இரண்டு லட்சம் பிரசவங்களுக்கு ஒன்று என்று கணக்குச் சொல்கிறார்கள். பெரும்பாலான குழந்தைகள் பிறக்கும்போதே இறந்துவிடுகின்றன, அல்லது ஓரிரு நாளில். பிழைப்பவர்களில் பெண்களே அதிகம்.

எந்த இடத்தில் ஒட்டியிருக்கிறது, உள்ளே எது பொதுவாக இருக்கிறது என்ற இரண்டையும் பொறுத்துத்தான் மீதி வாழ்க்கை. இதயம் பொதுவாக இருந்தால் நெடுநாள் பிழைப்பது அரிது. மார்புக்குக் கீழே, இடுப்பில், முதுகின் அடியில், தலையில் என்று ஒட்டுகள் பலவகை. மேடையேறிப் புகழ்பெற்றவர்கள் ஏறக்குறைய எல்லோருமே உயிருறுப்புகள் பெரும்பாலும் தனித்தனியாக இருந்தவர்கள். இதில் ஆச்சரியம் இல்லை. ஊர் ஊராகப் போக, பாட, ஆட முதலில் உடம்பில் தெம்பு வேண்டும்.

சாங், எங் சகோதரர்கள் 1811 மே 11 அன்று மேக்லாங் ஆற்றங்கரையில் பிறந்தார்கள். அப்பா சீனர், மீன்பிடித் தொழில். இருவரின் மார்பெலும்பின் அடியையும் சில அங்குல நீளமுள்ள சதைப் பட்டை ஒன்று இணைத்தது. குழந்தையில் முகத்துக்கு முகம் பார்த்தபடிதான் நிற்க முடிந்தது. இழுத்து இழுத்துப் பட்டை நீண்டு, பிறகு தோளோடு தோள் நிற்கப் பழகினார்கள். எட்டு வயதில் அப்பா காலராவில் போய்ச் சேர்ந்தார். பையன்கள் வாத்து முட்டை வியாபாரம் பார்த்தார்கள். இந்த முட்டை வியாபாரத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் இவர்களுக்குக் கைகொடுத்த கணக்குப் புத்தி இங்கேதான் முளைவிட்டது என்று நான் நினைக்கிறேன்.

1824இல் ராபர்ட் ஹன்டர் என்ற ஸ்காட்லாந்து வியாபாரி ஆற்றில் ஏதோ விநோத மிருகம் நீந்துகிறது என்று எண்ணிக் கிட்டே போய்ப் பார்த்தால், இரண்டு பையன்கள். அன்றே அவர் மனதில் டிக்கெட் கவுண்டர் திறந்துவிட்டது. ராஜாவின் அனுமதி கிடைக்க வருஷங்கள் ஆயின. 1829இல் கப்பல் தலைவர் ஏபல் காஃபினோடு கூட்டுச் சேர்ந்து, அம்மாவுக்கு ஒரு தொகை கொடுத்து, பதினேழு வயதுப் பையன்களைக் கப்பலேற்றினார்கள். ஆகஸ்டில் பாஸ்டன் போய்ச் சேர்ந்தார்கள். அம்மாவுக்குக் கொடுத்த பணம் விலையா, முன்பணமா என்று பேச்சு எழுந்தபோதெல்லாம், தங்களை அம்மா விற்கவில்லை என்று சகோதரர்கள் ரோஷத்தோடு மறுத்தார்கள்.

காட்சித் தொழில் நடந்த விதத்தைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். பொருட்காட்சியில் ‘பெண் தலை, பாம்பு உடல்’ கூடாரத்துக்கு வெளியே மைக்கில் கூவுவார்களே, அந்தத் தொழிலின் அமெரிக்கப் பங்காளி இது. வாடகை மண்டபங்கள், பத்து சென்ட் கட்டணத்தில் ‘மியூசியம்’ என்ற பெயரில் நடந்த விநோதக் கூடங்கள், சர்க்கஸ் பெரிய கூடாரத்துக்குப் பக்கத்தில் போடும் சின்னக் கூடாரமான ‘சைட் ஷோ’ என்று இடங்கள் பல. எல்லா இடத்திலும் ஜனங்களுக்கு ஒரே சந்தேகம்: இது நிஜமா, தையல் வேலையா? சந்தேகத்தைத் தீர்க்க டாக்டர்கள் வந்தார்கள். ஊருக்குள் நுழைந்ததும் முதல் காட்சி மருத்துவர்களுக்குத்தான். தொட்டுப் பார்ப்பார்கள், கிள்ளிப் பார்ப்பார்கள், பத்திரிகையில் எழுதுவார்கள். அந்த எழுத்தே மறுநாள் விளம்பரம். டாக்டருக்கு ஆராய்ச்சிக் கட்டுரை, முதலாளிக்கு நற்சான்றிதழ். கிள்ளுப்பட்டவர்களுக்கு என்ன கிடைத்தது என்று யாரும் எழுதவில்லை.

பாஸ்டனில் ஜான் காலின்ஸ் வாரன் என்ற பிரபல மருத்துவர் இவர்களைச் சோதித்தார். லண்டனில் நடந்த ஒரு சோதனையை நினைத்தால் எனக்கு இன்றும் சிரிப்பு வரும். அஸ்பாரகஸ் என்றொரு தண்டுக் காய் உண்டு. அதைச் சாப்பிட்டால் சிறுநீரில் தனி வாடை அடிக்கும். சாங் அதைச் சாப்பிட வேண்டும், சகோதரர் சாப்பிடக் கூடாது. மறுநாள் காலையில் இரண்டு பாத்திரங்களையும் மோந்து பார்த்தார்கள். சாங்கின் சிறுநீரில் மட்டும்தான் வாடை. ஆக, இரண்டு பேரின் ரத்த ஓட்டமும் பெருமளவு தனித்தனி என்று முடிவுகட்டினார்கள். எக்ஸ்ரே இல்லாத காலம். மூக்குதான் கருவி.

மேடையில் இவர்கள் சும்மா நிற்கவில்லை. குட்டிக்கரணம் அடித்தார்கள், பூப்பந்து மாதிரியான ஆட்டம் ஆடினார்கள், கனத்த ஆட்களைத் தூக்கிக்காட்டினார்கள். ஆனாலும் கல்லா காஃபினிடம்தான். இங்கிலாந்துக்குப் போகும் கப்பலில் காஃபின் தம்பதிக்கு நல்ல அறை, இவர்களுக்குக் கீழ்த்தளத்தில் ஏழைப் பயணிகளோடு இடம். அதை அவர்கள் மறக்கவில்லை. 1832 மே மாதம் இருபத்தோரு வயது முடிந்ததும், இனி உங்களோடு ஒட்டும் இல்லை உறவும் இல்லை என்று அறிவித்துவிட்டார்கள். (ஒட்டிப் பிறந்தவர்களைப் பற்றி எழுதும்போது இந்தச் சொற்றொடர் தானாக வந்து விழுகிறது, மன்னிக்கவும்.)

அன்றிலிருந்து நிர்வாகிக்குச் சம்பளம் கொடுத்தது அவர்கள். மண்டபம் பிடிப்பது, குதிரை வாங்குவது, தங்கள் வரலாற்றுச் சிறு புத்தகத்தை அச்சடித்து வாசலில் விற்பது, வரவு செலவு எழுதுவது எல்லாம் அவர்கள் பொறுப்பு. சீன ஜடையும் பட்டுச் சட்டையும் குட்டிக்கரணமும் மெல்ல மெல்லக் குறைந்தன. கோட்டுப் போட்டுக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்து பார்வையாளர்களோடு ஆங்கிலத்தில் பேசும் கனவான்கள் ஆனார்கள். உடல் அதேதான். சாவி கைமாறியதும் காட்சியின் தோரணையே மாறிவிட்டது.

ஏழு வருஷம் இப்படிச் சம்பாதித்து, 1839இல் வட கரோலினா மாநிலத்தில் நிலம் வாங்கிக் குடியேறினார்கள். ‘சுதந்திரமான வெள்ளையருக்கு’ மட்டுமே குடியுரிமை என்று சட்டம் இருந்த காலம். எப்படியோ இவர்களுக்குக் கிடைத்தது. பங்கர் என்று குடும்பப் பெயரும் வைத்துக்கொண்டார்கள். 1843இல் அக்கா தங்கைகளான அடிலெய்டு, சாரா யேட்ஸ் ஆகியோரைக் கல்யாணம் செய்தார்கள். பிறகு இரண்டு தனி வீடுகள். மூன்று நாள் இங்கே, மூன்று நாள் அங்கே. யார் வீட்டில் இருக்கிறார்களோ அவர் சொல்தான் சட்டம், மற்றவர் வாயைத் திறக்கக் கூடாது. சாகும்வரை இந்த ஒப்பந்தத்தை மீறவில்லை. மொத்தம் 21 பிள்ளைகள்.

இங்கே கதையைச் சுபமாக முடித்துவிட ஆசையாக இருக்கிறது. முடியாது. பங்கர் சகோதரர்களின் வயலில் வேலை செய்தவர்கள் அடிமைகள். காசு கொடுத்து வாங்கிய மனிதர்கள். ‘எங்களை யாரும் விற்கவில்லை’ என்று கொதித்தவர்களே மனிதர்களை விலைக்கு வாங்கினார்கள். பணக்கார வெள்ளை விவசாயிகளோடு சமமாக உட்கார அதுதான் அன்றைய வழி என்று சிலர் சமாதானம் சொல்வதுண்டு. அந்தச் சமாதானத்தை நான் வாங்குவதாக இல்லை.

அமெரிக்க உள்நாட்டுப் போரில், அடிமைமுறையை விடாத தெற்கு மாநிலங்கள் தோற்றதும் அடிமைகள் விடுதலையானார்கள், தெற்கத்திய நோட்டில் கொடுத்த கடன்கள் காகிதமாயின. ஐம்பதைத் தாண்டிய வயதில் மறுபடி மேடை. பிரபல காட்சி வியாபாரி பி.டி. பார்னம்தான் இவர்களைக் கண்டுபிடித்து ஆளாக்கினார் என்று பலர் நம்புகிறார்கள். அது தவறு. 1860இல் நியூயார்க்கில் அவர் மியூசியத்தில் சில வாரம் தோன்றினார்கள், போருக்குப் பிறகு அவர் ஏற்பாட்டில் பிரிட்டனுக்குப் போனார்கள், அவ்வளவே. அதற்கு முப்பது வருஷம் முன்பே இவர்கள் பெயர் பெற்றவர்கள்.

1870இல் சாங்குக்குப் பக்கவாதம். குடிப்பழக்கம் வேறு. குடிக்காத சகோதரர் அவர் காலை ஒரு வாரில் தாங்கிப் பிடித்தபடி நடந்தார். 1874 ஜனவரி 17 விடியற்காலையில் சாங் தூக்கத்திலேயே இறந்தார். பக்கத்தில் விழித்த எங் நிலைமையைப் புரிந்துகொண்டார். டாக்டர் வந்து சேர்வதற்குள், சில மணி நேரத்தில் அவரும் போனார். பிலடெல்பியாவில் உடலைப் பரிசோதித்தபோது இருவரின் கல்லீரலும் அந்தப் பட்டைக்குள் இணைந்திருந்தது தெரிந்தது. கல்லீரலும் உடலின் வார்ப்பும் அந்நகரின் மூட்டர் மருத்துவ மியூசியத்துக்குப் போயின. செத்த பிறகும் காட்சி முடியவில்லை.

இனி அதே வட கரோலினாவில், அதே காலத்தில், எதிர்ப்பக்கம் பிறந்தவர்கள்.

1851 ஜூலை 11 அன்று, வைட்வில் ஊருக்குப் பக்கத்தில் ஜேக்கப், மொனிமியா என்ற அடிமைத் தம்பதிக்கு முதுகெலும்பின் அடியில் ஒட்டிய இரண்டு பெண் குழந்தைகள் பிறந்தன. மில்லி, கிறிஸ்டின். தாய் தகப்பனுக்குச் சொந்தக்காரரே குழந்தைகளுக்கும் சொந்தக்காரர் என்பது சட்டம். ஒரு வயது முடிவதற்குள் காட்சிக்காரர் ஒருவருக்கு விற்றுவிட்டார். கைமாறினார்கள், பிறகு கடத்தப்பட்டார்கள், கடைசியில் அட்லாண்டிக் கடலைத் தாண்டி பிரிட்டனில் அகப்பட்டார்கள். அவர்களை அப்போது விலைக்கு வாங்கியிருந்த ஜோசப் ஸ்மித் என்பவர் அம்மா மொனிமியாவையும் கூட்டிக்கொண்டு கப்பலேறிப் போய் மீட்டார். பெற்ற தாய் வந்து நின்றதால் அங்கே நியாயம் கிடைத்தது. அமெரிக்கா திரும்பியதும் தாயும் மகள்களும் மறுபடி அடிமைகள்.

ஸ்மித்தின் மனைவி இந்தப் பெண்களுக்கு எழுதப் படிக்கக் கற்றுக்கொடுத்தார். அடிமைகளுக்கு எழுத்தறிவு புகட்டுவதைத் தெற்கு மாநிலங்கள் சட்டம் போட்டுத் தடுத்த காலம் அது. பாட்டும் நடனமும் வெளிநாட்டு மொழிகளும் கற்றார்கள். ஒருத்தி உச்சஸ்தாயி, மற்றவள் கீழ்ஸ்தாயி. இரண்டும் சேர்ந்தால் சபை கட்டுண்டு கிடக்கும். ‘இரட்டைத் தலை நைட்டிங்கேல்’ என்று விளம்பரத்தாள்கள் எழுதின. நைட்டிங்கேல் என்பது அவர்கள் ஊர்க் குயில் என்று வைத்துக்கொள்ளலாம். நான்கு கால்களில் வால்ட்ஸ் ஆடினார்கள். விக்டோரியா ராணியின் முன்னால் நின்றார்கள்.

போர் முடிந்து சுதந்திரம் வந்தபோது வயது பதினான்கு. சுதந்திரத்துக்குப் பின் இவர்கள் எடுத்த முடிவுகளில் எனக்கு மிகப் பெரிதாகப் படுவது ஒன்று. சிறு வயதிலிருந்து ஊருக்கு ஊர் டாக்டர் கூட்டம் உடுப்பை விலக்கி ஒட்டுமிடத்தைத் தடவிப் பார்த்து வந்தது. நிஜமா பொய்யா என்று பார்க்க வேண்டுமாம். இனி அது கிடையாது என்று நிறுத்தினார்கள். நோய்வாய்ப்பட்டால் வைத்தியம், காட்சிக்காகச் சோதனை இல்லை. பார்க்க வருகிறவர்கள் பாட்டைக் கேட்டுவிட்டுப் போகலாம். காட்சிப்பொருளுக்கும் கலைஞருக்கும் நடுவில் எங்கே கோடு போடுவது என்று கேட்டால் நான் இந்த இடத்தைக் காட்டுவேன்.

சம்பாதித்த பணத்தில் அப்பாவுக்கு நிலம் வாங்கிக் கொடுத்தார்கள். எந்த நிலம்? குடும்பமே அடிமையாகக் கிடந்த அதே பண்ணை. கறுப்பினக் குழந்தைகளின் பள்ளிக்கும் உதவினார்கள். தங்களை ‘மில்லி-கிறிஸ்டின்’ என்று ஒரே பெயராகவே எழுதினார்கள். ‘நாங்கள்’ என்பதைவிட ‘நான்’ அவர்களுக்கு இயல்பாக வந்தது. 1912 அக்டோபரில் காசநோயால் மில்லி இறந்தார். பல மணி நேரம் கழித்து கிறிஸ்டின். அப்போது வயது 61.

இந்த இடத்தில் வாசகர் கேட்கக்கூடிய கேள்வி: ஏன் யாரும் அறுவை செய்து பிரிக்கவில்லை?

முயற்சிகள் பழையவை. 1689இலேயே ஸ்விட்சர்லாந்தின் பாசெல் நகரில் தொப்புளருகே ஒட்டிய குழந்தைகளைப் பிரித்துப் பிழைக்க வைத்தார்கள். ஆனால் தோலும் சதையும் மட்டும் ஒட்டியிருந்தால்தான் அது கைகூடும். கல்லீரலையோ முதுகுத்தண்டையோ பிரிக்க மயக்க மருந்தும், உள்ளே என்ன இருக்கிறது என்று காட்டும் ஸ்கேனும், கிருமியை அடக்கும் மருந்தும், ஏற்ற ரத்தமும் வேண்டும். இவை எல்லாம் ஒன்றுகூட இருபதாம் நூற்றாண்டு பாதியாவது ஆக வேண்டியிருந்தது. சாங், எங் போன்ற ஒட்டை இன்றைய மருத்துவமனைகளில் பிரித்துவிட முடியும்.

நம் ஒடிசாவில் பிறந்த ராடிகா, டூடிகா சகோதரிகளின் கதை இங்கே வர வேண்டும். மார்பெலும்பின் அடியில் ஒட்டிப் பிறந்தவர்கள். சிறு வயதிலேயே ஐரோப்பாவுக்குக் கொண்டுபோகப்பட்டுக் காட்சிக்கு வைக்கப்பட்டார்கள். பார்னம் அண்ட் பெய்லி சர்க்கஸோடு போய்க்கொண்டிருந்தபோது டூடிகாவுக்குக் காசநோய் முற்றியது. மற்றவளையாவது காப்பாற்றலாம் என்று 1902 பிப்ரவரியில் பாரிஸில் யூஜின் டோயென் என்ற அறுவை மருத்துவர் இருவரையும் பிரித்தார். டூடிகா சில நாட்களில் இறந்தாள். ராடிகா அடுத்த வருஷம், அதே காசநோயில். டோயென் அந்த அறுவையைச் சினிமாவாகப் படம்பிடிக்க வைத்திருந்தார். படம்பிடித்தவர்களில் ஒருவர் பிரதியெடுத்து விற்க, அறுவைசிகிச்சை சந்தைக் கூடாரங்களில் ஓடத் தொடங்கியது. டோயென் வழக்குப் போட்டு ஜெயித்தார். படம் யாருக்குச் சொந்தம் என்பதுதான் வழக்கு. டாக்டருக்கா, கேமராக்காரருக்கா என்று இரண்டு கட்சிகள் மட்டுமே இருந்தன. மேஜைமேல் கிடந்த பெண்கள் எந்தக் கட்சியிலும் இல்லை.

கல்லாச் சாவிக் கதையில் மிகவும் கசப்பான அத்தியாயம் டெய்சி, வயலட் ஹில்டன் சகோதரிகளுடையது. 1908 பிப்ரவரி 5, இங்கிலாந்தின் பிரைட்டன் நகரம். இடுப்பின் பின்புறம் ஒட்டியிருந்தார்கள். கல்யாணமாகாத தாய் மதுக்கடையில் வேலை பார்த்தவர். பிரசவம் பார்த்த அவருடைய முதலாளியம்மா மேரி ஹில்டன் குழந்தைகளை எடுத்துக்கொண்டார். வளர்க்க என்பது பெயருக்கு. மதுக்கடையின் பின்னறையில் காசு வாங்கிக்கொண்டு குழந்தைகளைக் காட்டினார், படம் போட்ட அஞ்சலட்டை விற்றார். நடக்கப் பழகியதும் ஊர் ஊராகச் சுற்றல். ஐரோப்பா, ஆஸ்திரேலியா, பிறகு அமெரிக்கா. சொன்னபடி கேட்காவிட்டால் பெல்ட் அடி என்று பின்னாளில் சகோதரிகள் எழுதினார்கள்.

1919இல் மேரி இறந்தபோது நடந்ததை நம்பக் கஷ்டமாக இருக்கும். வீடு, நகை, நாற்காலியோடு சேர்த்து இந்தப் பெண்களும் மகள் ஈடித்துக்கும் மருமகன் மேயர் மேயர்ஸுக்கும் போய்ச் சேர்ந்தார்கள். அடிமைமுறை ஒழிந்து அரை நூற்றாண்டு ஆகியிருந்த நாட்டில், பதினோரு வயதுப் பெண்கள் பரம்பரைச் சொத்து.

மேயர்ஸ் கெட்டிக்காரர். சைட் ஷோ கூடாரத்தில் இருந்த பெண்களுக்குப் பாட்டும் நாட்டியமும் சாக்ஸபோனும் வயலினும் பயிற்சி கொடுத்து ‘வாட்வில்’ மேடைக்கு ஏற்றினார். பாட்டு, நகைச்சுவை, நடனம், மந்திர வித்தை என்று பத்துப் பன்னிரண்டு துண்டுகள் ஒரே டிக்கெட்டில் வரும் அமெரிக்கக் கதம்பக் கச்சேரிதான் வாட்வில். நல்ல அரங்கு, குடும்பத்தோடு வரும் கூட்டம். 1925 முதல் ஹில்டன் சகோதரிகள் அதில் முதல் வரிசை நட்சத்திரங்கள். பின்னாளில் உலகப் புகழ் பெற்ற பாப் ஹோப் அப்போது சின்ன நடனக்காரர். அவரும் இன்னொருவரும் இவர்களோடு மேடையில் ஜோடி போட்டு ஆடினார்கள். வாரத்துக்கு ஆயிரக்கணக்கில் டாலர் வந்தது. சான் ஆன்டோனியோ நகரில் பெரிய வீடு எழும்பியது. பெண்கள் கையில் பைசா இல்லை. வெளியே தனியாகப் போக அனுமதி இல்லை.

இங்கேதான் என் கணக்கில் ஒரு சிக்கல் வருகிறது. ஹில்டன் சகோதரிகள் கலைஞர்கள் என்பதில் சந்தேகமே இல்லை. வாத்தியம் வாசித்தார்கள், மூன்று குரல் நான்கு குரல் பாட்டில் நின்றார்கள், ஆடினார்கள். ஆனாலும் கல்லா இன்னொருவரிடம். ஆக, திறமை மட்டும் ஒருவரைக் காட்சிப்பொருள் நிலையிலிருந்து விடுவிப்பதில்லை. ஒப்பந்தத்தில் யார் கையெழுத்து இருக்கிறது என்பதையும் பார்க்க வேண்டியிருக்கிறது.

இருபத்திரண்டு வயது தாண்டியபிறகு, வேறொரு விவகாரமாக வக்கீலைப் பார்க்கப் போன இடத்தில் உண்மை வெளியே வந்தது. 1931இல் சான் ஆன்டோனியோ நீதிமன்றம் மேயர்ஸோடு இருந்த ஒப்பந்தத்தை ரத்து செய்தது. சம்பாதித்ததில் ஒரு பகுதியையும் கொடுக்கச் சொன்னது. முதல்முறையாகத் தனித்தனியாக, தங்கள் விருப்பப்படி முடியை வெட்டிக்கொண்டு ஆளுக்கொரு விதமாக உடுத்தினார்கள். அதுவரை ஒரே மாதிரி கவுன், ஒரே மாதிரி ரிப்பன்.

ஆனால் சாவி கைக்கு வந்த நேரம் பெட்டி காலியாகிக்கொண்டிருந்தது. பேசும்படமும் ரேடியோவும் வாட்வில்லைத் தின்றுகொண்டிருந்தன. 1932இல் ஒரு ஹாலிவுட் படத்தில் நடித்தார்கள், ஊர் அதைத் திட்டித் தீர்த்தது. வயலட் கல்யாணம் செய்ய நினைத்தபோது மாநிலத்துக்கு மாநிலம் அதிகாரிகள் லைசென்ஸ் மறுத்தார்கள். இன்னொருத்தி கூடவே இருப்பாளே, ஒழுக்கம் என்னாவது என்று கவலை. பங்கர் சகோதரர்களின் 21 பிள்ளைகளுக்கு வராத ஒழுக்கக் கேள்வி, பெண்கள் என்றதும் வந்துவிட்டது. கடைசியில் 1936இல் டல்லாஸ் நகரின் காட்டன் பவுல் மைதானத்தில், டெக்சாஸ் நூற்றாண்டு விழாவில், டிக்கெட் வாங்கிய கூட்டத்தின் முன் ஒரு கல்யாணம் நடந்தது. அது விளம்பர வேலை. அந்தக் கல்யாணம் பிறகு செல்லாமல் போயிற்று.

கூட்டம் குறைந்தது, மேடை சுருங்கியது. 1960களின் தொடக்கத்தில் வட கரோலினாவின் சார்லட் நகரில் ஒரு திறந்தவெளித் திரையரங்கில் தோன்ற வந்தவர்களை அழைத்துவந்த ஆள் நட்டாற்றில் விட்டுவிட்டுப் போனான். வண்டிக்கூலிகூட இல்லை. ஊர் மளிகைக் கடையொன்றில் வேலை கேட்டார்கள். கடைக்காரர் இரண்டு பேருக்கும் பொருந்துமாறு கவுண்டரை அமைத்துக் கொடுத்தார். காய் நிறுக்கும் வேலை. ஒரு காலத்தில் அமெரிக்காவின் பெரிய அரங்குகளை நிறைத்தவர்கள் உருளைக்கிழங்கை எடைபோட்டுப் பையில் கட்டிக் கொடுத்தார்கள். சோகக் காட்சியாகத்தான் எல்லோரும் இதை எழுதுகிறார்கள். எனக்கு அப்படிச் சொல்லத் தோன்றவில்லை. பார்ப்பதற்கு யாரும் காசு கொடுக்காத, வேலைக்குச் சம்பளம் கொடுத்த ஒரே இடம் அது. 1969 ஜனவரியில் ஹாங்காங் ஃப்ளூ பரவியபோது வேலைக்கு வரவில்லையே என்று தேடிப் போனவர்கள் வீட்டில் இருவரையும் இறந்த நிலையில் கண்டார்கள். டெய்சி முதலில், வயலட் சில நாள் கழித்து. பங்கர் சகோதரர்கள், மில்லி-கிறிஸ்டின், ஹில்டன் சகோதரிகள் மூன்று ஜோடிகளுக்கும் கடைசி இடம் வட கரோலினா மண்.

அதற்குப் பிறகும் கூடாரம் முற்றாக மூடவில்லை. 1951இல் ஒஹாயோவில் பிறந்த ரோனி, டோனி கேலியன் சகோதரர்கள் சின்ன வயதிலேயே காட்சிக்கு வந்தார்கள். குடும்பத்தில் இன்னும் பல பிள்ளைகள், அப்பாவுக்கு வேறு வழி தெரியவில்லை. அமெரிக்காவில் இவர்கள் மேடையேறவில்லை. கண்ணாடி ஜன்னல் வைத்த வண்டிவீட்டுக்குள் டிவி பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். ஜனங்கள் காசு கொடுத்துவிட்டு வெளியிலிருந்து எட்டிப் பார்ப்பார்கள். லத்தீன் அமெரிக்க நாடுகளுக்குப் போனால் அதே இருவர் மந்திர வித்தை நடத்தும் நட்சத்திரங்கள். 1991இல் நிறுத்திக்கொண்டார்கள். 2020 ஜூலை 4 அன்று 68 வயதில் இறந்தபோது, ஒட்டிப் பிறந்த ஆண்களில் மிக நீண்டகாலம் வாழ்ந்தவர்கள் இவர்கள்தான்.

கடைசியாக, எனக்கு மிகவும் பிடித்த ஜோடி. 1961இல் பென்சில்வேனியாவில் பிறந்த லோரி, ஜார்ஜ் ஷாப்பெல். தலையில் ஒட்டியவர்கள், முகங்கள் எதிரெதிர்த் திசையில். ஒருவர் முகத்தை மற்றவர் நேரில் பார்க்கக் கண்ணாடி வேண்டும். அறிவுக் குறைபாடு எதுவும் இல்லாதபோதும் குழந்தைப் பருவத்திலிருந்து ஒரு விடுதியில் அடைத்து வைக்கப்பட்டு, இருபத்து நான்கு வயதில் வெளியே வந்து தனி வீடு பார்த்துக் குடியேறினார்கள். லோரி ஒரு மருத்துவமனைச் சலவைப் பிரிவில் வேலை செய்தார். ஜார்ஜ் பாடகர். பெண்ணாகப் பதிவு செய்யப்பட்டுப் பிறந்து, ரீபா என்ற பெயரில் அமெரிக்க நாட்டுப்புறப் பாணிப் பாட்டுப் பாடி, 1997இல் லாஸ் ஏஞ்சலஸில் ஒரு விருதும் வாங்கினார். 2007இல் தான் ஆண் என்று அறிவித்து ஜார்ஜ் ஆனார். கால்கள் வலுவற்ற அவர் சக்கரம் வைத்த உயரமான ஸ்டூலில் உட்கார்ந்திருப்பார், லோரி தள்ளிக்கொண்டு போவார். 2024 ஏப்ரலில் 62 வயதில் இருவரும் இறந்தார்கள்.

ஜார்ஜ் மேடையில் பாடும்போது லோரி பக்கத்தில்தானே இருந்தாக வேண்டும்? இருந்தார். பாட மாட்டார், பேச மாட்டார், கூட்டத்தைப் பார்த்துச் சிரிக்கக்கூட மாட்டார். அது தன் கச்சேரி இல்லை என்பார். கச்சேரிக்குள் நுழையும்போது, மற்ற ரசிகர்களைப் போலத் தன் சம்பளத்திலிருந்து டிக்கெட்டுக்குக் காசு கொடுத்துவிட்டுத்தான் உள்ளே போவார்.